நவாபுக்கு ஆகாத பூ

பைறோஸாவின் ஆமைக்கு நவாப் என்று யார் பெயர் வைத்தார்களோ தெரியாது. வைத்தவர் சும்மா வைக்கவில்லை. கீரை போட்டால் அது முகத்தைத் திருப்பிக்கொள்ளும். வாழைப்பழத் தோலை மிதித்துக்கொண்டு போகும். பூ என்றால் மட்டும் கழுத்தை நீட்டிக்கொண்டு வரும். அதிலும் வாடாத பூவாக இருக்கவேண்டும். மத்தியானம் சுருங்கிப்போனதைப் போட்டால் பட்டினி கிடக்குமே தவிர வாயில் வைக்காது. கொழும்புக் கொட்டாஞ்சேனையில் மனிதர்களே கிடைத்ததைத் தின்றுகொண்டிருந்த அந்த மலேரியா வருஷத்தில் ஓர் ஆமைக்கு இத்தனை ராங்கி ஆகாது என்று மெய்யம்மைக்குத் தோன்றும். வெளியே சொல்லமாட்டாள். பைறோஸாவிடம் அந்த ஆமையைக் குறை சொல்வதும் அவள் பெற்ற பிள்ளையைக் குறை சொல்வதும் ஒன்றுதான்.

மெய்யம்மை அடுத்த வீட்டுச் செட்டியாரம்மாள். வீட்டுக்காரர் உலகப்பனுக்குப் புறக்கோட்டையில் துணி மொத்த வியாபாரம். அவர்கள் ஆட்களில் அநேகம் பேர் பெண்டாட்டியைக் காரைக்குடிப் பக்கம் விட்டுவிட்டு வந்து, கடைக்குள்ளேயே படுத்துக் காலம் தள்ளுவார்கள். உலகப்பன் அப்படி இல்லை. கல்யாணமான கையோடு மெய்யம்மையைக் கூட்டிவந்து கொட்டாஞ்சேனையில் வீடு பிடித்துக் குடிவைத்தார். பிள்ளை இல்லை. அதைப் பற்றி ஊரில் வாய்க்கு வந்ததைப் பேசினார்கள். உலகப்பன் ஒரு நாளும் ஒரு வார்த்தை சொன்னதில்லை. அந்த ஒன்றுக்காகவே அவருக்காக உயிரை விடலாம் என்று மெய்யம்மை நினைத்திருந்தாள். மனசில் இருப்பதை மறைக்கத் தெரியாதவள் என்பதால் தெருவில் எல்லாருக்கும் அது தெரியும்.

குருநாகல் பக்கம் வீட்டுக்கு வீடு சாவு, போகவேண்டாம் என்று எல்லாரும் சொன்னார்கள். உலகப்பன் சரக்கு விஷயமாகப் போனார். போனவர் காய்ச்சலோடு திரும்பி, மருதானை ஸ்டேஷனில் ரயிலை விட்டு இறங்கியதும் சுருண்டு விழுந்தார். பைறோஸாவின் புருஷன் ஹாஷிம் தற்செயலாக அங்கே நின்றிருக்காவிட்டால் அன்றைக்கே கதை முடிந்திருக்கும். அவரைத் தன் காரில் போட்டு வீட்டுக்குக் கொண்டுவந்து, அதே சூட்டோடு வைத்தியம் பார்க்கும் அப்போதிக்கரி நிக்கலஸையும் அழைத்து வந்தவர் ஹாஷிம்தான். நிக்கலஸ் கொயினா மருந்து கொடுத்தார். காய்ச்சல் மெல்ல மெல்ல இறங்கி ஒரு நாள் சுத்தமாக விட்டது. உலகப்பன் எழுந்து உட்கார்ந்து ரசஞ்சாதம் கேட்டார். மெய்யம்மை அடுப்படியில் நின்று அழுதாள்.

பிழைத்த உடம்புக்குத் தெம்பு வரவேண்டும் என்றுதான் அவள் தீர்த்தம் கொடுக்க ஆரம்பித்தாள். அப்பச்சி வீட்டிலிருந்து சீதனமாக வந்த சின்னக் கல் லிங்கம் ஒன்று அவளிடம் இருந்தது. சாயங்காலம் அதற்குப் பூசை செய்து, சாத்திய வில்வத்தை எடுத்துச் செப்புச் செம்பில் தண்ணீரோடு போட்டு மூடிவைப்பாள். விடிந்ததும் வெறும் வயிற்றில் அந்தத் தண்ணீரை ஒரு தம்ளர் அவருக்குக் கொடுப்பாள். அவள் பக்கத்து ஆட்கள் நோயாளிக்குச் செய்கிற வழக்கம்தான். கொஞ்ச நாளில் வில்வம் கொண்டுவரும் பூக்காரனும் காய்ச்சலில் படுத்துவிட்டான். மெய்யம்மை யோசித்தாள். பின்வேலி நெடுக மஞ்சள் அலரி பூத்துக் குலுங்கியது. சிவனுக்கு உகந்த பூ. அவர் தலையில் ஏறலாம் என்றால் செம்பில் இறங்கக் கூடாதா என்று எண்ணினாள். வில்வத்துக்குப் பதில் அலரியைச் சாத்தி, அலரியையே செம்பில் போட்டாள்.

தேறி வந்த மனிதர் அதற்குப் பிறகு தேறவில்லை. சோற்றைக் கண்டால் குமட்டியது. குடித்த கஞ்சி திரும்பி வந்தது. எழுந்து நின்றால் தலை சுற்றி விழப்போனார். நிக்கலஸ் வந்து கையைப் பிடித்து நாடி பார்த்தார். ஒரு தடவைக்கு இரண்டு தடவை பார்த்தார்.

“நாடி கடுமையா விழுந்துபோய்க் கிடக்கு, ஆச்சி. மலேரியா வந்துபோன உடம்பு, இருதயம் களைச்சிட்டுது. ஆளை எழும்ப விடாதேங்கோ. கஞ்சி குடுங்கோ.”

“கஞ்சி நிக்க மாட்டேங்குதே, ஐயா.”

“கொஞ்சங் கொஞ்சமாக் குடுங்கோ. வேற என்ன செய்யிறது.”

செய்வதற்கு மெய்யம்மையிடம் ஒன்று இருந்தது. செம்பில் இன்னும் நாலு பூவைக் கூடப் போட்டாள். காலையில் மட்டும் கொடுத்ததை மத்தியானமும் கொடுக்கத் தொடங்கினாள். உலகப்பன் முதல் வாயிலேயே முகத்தைச் சுளிப்பார். கசக்கிறது என்பார். கொயினா குடித்த வாய்க்கு எல்லாம்தான் கசக்கும் என்று அவள் சமாதானம் சொல்வாள். அவரும் கண்ணை மூடிக்கொண்டு குடித்துவிடுவார். சொன்னால் கேட்கிற மனிதர்.

ஒரு நாள் விளக்கேற்றும் நேரத்தில் அவர் அவளைக் கூப்பிட்டார். “மெய்யம்மை, வெளக்கச் சுத்திப் பொன்னாட்டம் ஒண்ணு தெரியுதே, ஒனக்குத் தெரியுதா?”

அவளுக்கு ஒன்றும் தெரியவில்லை. வெள்ளை வேட்டி மஞ்சளாகத் தெரிகிறது என்றார். சுவரும் மஞ்சளாகத் தெரிகிறது என்றார். காமாலையோ என்று அவள் பதறி ஆளனுப்பினாள். நிக்கலஸ் வந்து கண் இமையை இழுத்துப் பார்த்தார். கண் வெள்ளையாகத்தான் இருந்தது. காமாலை இல்லை, அசதி என்று சொல்லிப் போய்விட்டார். உலகப்பனுக்கு அந்த விளக்கம் போதவில்லை. தீர்த்தம் உள்ளே போகப் போகத்தான் தனக்கு இது தெரிகிறது, ஈசன் தன் பக்கம் வந்துவிட்டான் என்று அவர் சொல்லிவிட்டார். மெய்யம்மைக்கு மயிர்க்கூச்செறிந்தது. தரையில் விழுந்து கும்பிட்டாள். மறுநாளிலிருந்து செம்பு நிறைய பூ.

இந்தச் சமயத்தில்தான் பைறோஸா ஆமையைத் தூக்கிக்கொண்டு வந்தாள்.

“ஆச்சி, மகள்ட நாள் கிட்ட வந்திட்டு. நான் பேருவளைக்குப் போகோணும். நவாப உங்கட்ட வுட்டுட்டுப் போறன்.”

மெய்யம்மை ஆமையைக் கையில் வாங்கவில்லை. அவள் பைறோஸாவை அக்காள் முறை வைத்து ராத்தா என்றுதான் கூப்பிடுவாள்; அவர்கள் வீட்டில் அப்படித்தான் கூப்பிடுகிறார்கள் என்று கற்றுக்கொண்டது. “ராத்தா, ஆமை வீட்டுக்குள்ள வந்தா ஆகாதுன்னு எங்க ஆளுக சொல்லுவாக. அவுக வேற இப்படிக் கெடக்காக.”

“வீட்டுக்குள்ள ஆரு வுடச் சொன்ன? கெணத்தடியில இரிக்கட்டும். பூவ மட்டும் போடுங்க. செவ்வரத்தம்பூ, பூசணிப்பூ, ரோசாப்பூ.”

“மல்லியப்பூ போட்டா திங்காதா?”

“மூணு பூ செல்லிட்டன், ஆச்சி. நாலாவது வாணாம். பூவுல எது நல்லது, எது கூடாதெண்டு அதுக்குத் தெரியா. வாய்க்கு எட்டினத் திண்டுரும்.”

மருதானையில் செய்த உதவியை நினைத்தால் மறுக்க வாய் வரவில்லை. மெய்யம்மை தலையாட்டினாள். நவாப் கிணற்றடிக்குக் குடிவந்தது.

முதல் சில நாள் அவள் குறையில்லாமல் பார்த்துக்கொண்டாள். செவ்வரத்தம்பூவை, அவள் ஊர்ச் செம்பருத்தியை, அது தின்கிற அழகே தனி. ஓரத்தை ஒரு கடி கடித்துப் பார்த்து, பிடித்திருக்கிறது என்று தீர்மானித்த பிறகு நடுவில் வாயை வைக்கும். மகரந்தம் மூக்கில் ஒட்டிக்கொள்ளும். உள்ளே புருஷன் ஓங்கரிக்கிற சத்தம் காதில் விழ, வெளியே நின்று ஆமையைப் பார்த்துச் சிரிப்பதற்கு அவளுக்கே வெட்கமாக இருந்தது. ஆனாலும் அந்த வீட்டில் சாப்பிட்டது நிற்கிற உயிர் அது ஒன்றுதான். அதைப் பார்த்துக்கொண்டிருப்பதில் ஓர் ஆறுதல் இருந்தது.

வைகாசி மழை பிடித்துக்கொண்டது. செவ்வரத்தையில் மொட்டெல்லாம் உதிர்ந்தது. மதில்மேல் படர்ந்திருந்த பைறோஸா வீட்டுப் பூசணி அழுகிச் சரிந்தது. ரோசாச் செடியில் முள்தான் மிச்சம். நவாப் ஒரு நாள் பொறுத்தது, இரண்டு நாள் பொறுத்தது. கீரை போட்டுப் பார்த்தாள், திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அப்புறம் அவள் போகிற பக்கமெல்லாம் கழுத்தை நீட்டிக்கொண்டு பின்னாலேயே வந்தது.

அன்று காலை தீர்த்தத்தை உலகப்பனுக்கு வார்த்துக் கொடுத்துவிட்டு, செம்பின் அடியில் கிடந்த பூவை எடுத்துக்கொண்டு கிணற்றடிக்கு வந்தாள். சாமிக்குச் சாத்திக் கழித்த பூவைக் கண்ட இடத்தில் போடக்கூடாது, கால் படும். வழக்கமாக எலுமிச்சை மரத்தடியில் கொட்டுவாள். நவாப் அவள் காலடியில் நின்றது. தண்ணீரிலேயே கிடந்ததால் பூ அப்போதுதான் பறித்தது மாதிரி பளிச்சென்று இருந்தது. மூன்று பூ என்று பைறோஸா சொன்னது ஞாபகம் வராமல் இல்லை. ஆனால் அது ரோட்டோரத்துப் பூவுக்குச் சொன்னது, இது சாமி பூ. பெருமாளே ஒரு காலத்தில் ஆமையாக இருந்தவர்தானே, சிவன் பூவைத் தின்றால் குறைந்தா போய்விடுவார் என்று தனக்குள் சொல்லிக்கொண்டு குனிந்து போட்டாள். நவாப் ஓரத்தைக் கடித்துப் பார்க்கவில்லை. பசி. அப்படியே வாயை வைத்தது. மறுநாளும் போட்டாள். மறுநாளும் தின்றது.

அதற்கடுத்த நாள் காலையில் கிணற்றடியில் நவாப் அசையாமல் கிடந்தது. தூங்குகிற ஆமை தலையையும் காலையும் உள்ளே இழுத்துக்கொள்ளும். இது எல்லாவற்றையும் வெளியே விட்டிருந்தது. கழுத்து நீண்டு தரையில் கிடந்தது. வாயோரம் நுரை காய்ந்திருந்தது. மெய்யம்மை ஒரு குச்சியால் காலைத் தொட்டாள். கால் உள்ளே போகவில்லை. கையாலேயே தொட்டாள். போகவில்லை. தூக்கினாள், நாலு காலும் தொங்கின.

 நம்பிக் கொடுத்துவிட்டுப் போன உயிர். வளர்த்தவள் வந்து கேட்டால் என்ன சொல்வாள்? அதைவிடப் பெரிய பயம் ஒன்று இருந்தது. புருஷன் இழுத்துக்கொண்டு கிடக்கிற நேரத்தில் வீட்டுக் கொல்லையில் ஒரு சாவு. இது எதற்குச் சகுனம்? அவள் ஆமையைக் கீழே வைத்துவிட்டு, முகத்தைக்கூடத் துடைக்காமல் உள்ளே ஓடினாள். உலகப்பன் மூச்சு விட்டுக்கொண்டிருந்தார். காலைத் தீர்த்தத்தை அவருக்குக் கொடுத்தாள். அன்றைக்கு வழக்கத்தைவிடக் கூடுதலாகவே கொடுத்தாள், சகுனத்துக்குப் பயந்து. மத்தியானத்துக்கு என்று மறுபடி செம்பை நிரப்பி, பூப் போட்டு, அவர் கட்டிலுக்குப் பக்கத்து முக்காலியில் மூடிவைத்தாள்.

வெயில் ஏறிய நேரத்தில் பைறோஸா வந்துவிட்டாள். பேத்தி பிறந்த சந்தோஷம் முகமெல்லாம். கையில் தொதல் இனிப்புச் சுற்றிய பொட்டலம். வாசலுக்கு வராமல் நேரே கொல்லைக் கதவைத் திறந்துகொண்டு, “நவாப்” என்று கூப்பிட்டபடி கிணற்றடிக்கு வந்தாள். மெய்யம்மை ஓடிப்போய் மறிப்பதற்குள் பார்த்துவிட்டாள்.

பைறோஸா அழவில்லை. பொட்டலத்தைக் கிணற்றுக் கட்டில் வைத்துவிட்டுக் குந்தினாள். ஆமையை மடியில் எடுத்தாள். சுண்டுவிரலால் அதன் வாயை மெல்லத் திறந்து, உள்ளே ஒட்டிக்கிடந்ததை இழுத்தாள். மஞ்சள் இதழ் ஒன்று வந்தது.

“என்ன பூ போட்டீங்க, ஆச்சி?”

“சாமி பூ, ராத்தா.”

“இது அலரி.”

“சாமிக்கு வச்சது. மழையில வேற பூ ஒண்ணும் கெடைக்கல. பசியோட சுத்திச் சுத்தி வந்துச்சு.”

“மூணு பூ செல்லிட்டுத்தானே போனன். நாலாவது வாணாமெண்டுதானே செல்லிட்டுப் போனன்.” பைறோஸாவின் குரல் உயரவில்லை. அதுதான் தாங்க முடியவில்லை. “அலரியப் போட்டா எப்பிடி ஆச்சி அது உசிரோட இரிக்கும்?”

குற்றம் செய்தவருக்குக் கோபம் முந்திக்கொண்டு வரும். மெய்யம்மைக்கும் வந்தது. தன்னைச் சொன்னால் பொறுத்துக்கொள்வாள். சாமி பூவைச் சொன்னால் எப்படி?

“பூவுல என்ன ராத்தா இருக்கு? சாமி தலையில இருந்த பூ. அது யாரையும் ஒண்ணும் செய்யாது. அந்தப் பூ ஊறுன தண்ணியத்தான் எங்க வீட்டுல அவுக இத்தன நாளாக் குடிச்சிட்டு...”

பேச்சு அங்கேயே நின்றுவிட்டது. யாரும் அதை நிறுத்தவில்லை. அவள் வாயே நிறுத்திக்கொண்டது.

அரளி விதை என்னவென்று மெய்யம்மைக்குத் தெரியாமல் இல்லை. அலரியை அவள் ஊரில் அரளி என்றுதான் சொல்வார்கள். மாமியார் கொடுமை தாங்காமல் அந்த விதையை அரைத்துக் குடித்தவள் ஒருத்தி அவள் தெருவிலேயே இருந்தாள். குடித்துவிட்டு நாள் முழுக்க வாந்தி எடுத்தாள், நாடி விழுந்து போய்ச் சேர்ந்தாள். ஆனால் அது விதை. பூவைப் பற்றி யாரும் ஒரு நாளும் ஒன்றும் சொன்னதில்லை. பூவைக் கூடை கூடையாகக் கோயிலுக்கு அனுப்பினார்கள். பூவும் விதையும் ஒரே செடியில்தானே உண்டாகின்றன என்று இத்தனை வயதுக்கும் அவள் யோசித்ததில்லை. இப்போது யோசித்தாள். ரசஞ்சாதம் கேட்ட மனிதர். எழுந்து உட்கார்ந்த மனிதர். வில்வம் கிடைக்காமல் போன நாள். அதற்கு மறுநாள் வாந்தி. விளக்கைச் சுற்றி அவர் கண்ட மஞ்சள். அவர் மோசமாக ஆக ஆக அவள் கூடக் கூடப் போட்ட பூ. எல்லாம் ஒன்றன் மேல் ஒன்றாக வந்து விழுந்தன.   கிணற்றுக் கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

பைறோஸா மடியிலிருந்த ஆமையைக் கீழே வைத்துவிட்டு எழுந்தாள். அவள் முகமும் வெளுத்திருந்தது. “ஆச்சி, அவருக்கா? எத்தின நாளா?”

மெய்யம்மைக்கு அப்போதுதான் முக்காலியில் வைத்த செம்பு ஞாபகம் வந்தது. ஓடினாள். வாசற்படி தடுக்கி முழங்கால் அடிபட்டது, நிற்கவில்லை.

உலகப்பன் தானே எழுந்து ஒரு பக்கம் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். மூடியைக் கழற்றிவிட்டு, இரண்டு கையாலும் செம்பைத் தூக்கியிருந்தார்.  அவளுக்குச் சிரமம் கொடுக்கவேண்டாம் என்று தானே குடிக்கப் பார்த்திருக்கிறார். செம்பு உதட்டுக்குப் போன நேரத்தில் அவள் அதைத் தட்டிவிட்டாள். தண்ணீர் அவர் மார்பிலும் பாயிலும் கொட்டியது. மஞ்சள் பூ தரையெல்லாம் சிதறியது.

அவர் தரையைப் பார்த்தார். “தீர்த்தத்தத் தரையில கொட்டிட்டியே.”

“வேணாங்க. இனிமே வேணாம்.”

“என்ன வேணாம்? இந்த ஒண்ணுதான் என்னய உசிரோட வச்சிருக்கு. அப்போதிக்கரி கைய விரிச்சுட்டுப் போயிட்டான். நீ குடுத்த தண்ணியிலதான் நான் இன்னிக்கும் மூச்சு விடுறேன்.” மூச்சு வாங்கியது அவருக்கு. பிள்ளையில்லாத இத்தனை வருஷத்தில் வராத ஒரு கோபம் முகத்தில் வந்தது. “ஏன் கொட்டுனே? நான் சாகணுமா ஒனக்கு?”

விஷம் கொடுத்த நாளெல்லாம் தெய்வமே என்று கும்பிடாத குறையாகப் பார்த்த மனிதர், அதை நிறுத்திய நாளில் கேட்ட கேள்வி இது. மெய்யம்மைக்கு ஒரு பொய் நாக்கு நுனிக்கு வந்தது. செம்பில் பல்லி விழுந்துவிட்டது என்று சொன்னால் போதும், அவர் நம்புவார். நாளைக்குப் பூ இல்லை என்கலாம். அதற்கடுத்த நாளைக்கும் ஏதாவது சொல்லலாம். அவர் தேறிவிடுவார், தீர்த்தத்தால் தேறியதாகவே காலமெல்லாம் சொல்லிக்கொண்டிருப்பார். யாருக்கும் ஒன்றும் தெரியவேண்டியதில்லை. ஆனால் அவளுக்குத்தான் மறைக்கத் தெரியாதே. அதுவும் அவரிடம்.

“அது விஷம்” என்றாள். “அரளிப்பூத் தண்ணி. அதத் தின்னு ஆமை செத்துக் கெடக்கு. காய்ச்சல் விட்டதுலேருந்து ஒங்களுக்கு வந்ததெல்லாம் நான் குடுத்ததுதான். நான்தாங்க குடுத்தேன்.”

அவர் அவளைப் பார்த்தார். சிதறிக் கிடந்த பூவைப் பார்த்தார். மறுபடி அவளைப் பார்த்தார். திட்டவில்லை. அவள் முந்தானையால் அவர் மார்பைத் துடைக்கக் குனிந்தபோது மட்டும் சுவர்ப்பக்கமாகக் கொஞ்சம் நகர்ந்துகொண்டார். ஈரத்துக்காக நகர்ந்தார் என்று அவள் நினைத்தாள்.

பைறோஸா முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு நடையில் நின்றாள். எல்லாம் அவள் காதில் விழுந்திருந்தது. தன் வீட்டுக்குப் போய் ஹாஷிமிடம் சொல்லி, நிக்கலஸை அழைத்துவர அனுப்பினாள்.

நிக்கலஸ் தரையில் கிடந்த பூவில் ஒன்றை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தார். அவருக்கும் அதிர்ச்சிதான். தன் கண் முன்னாலேயே நடந்திருக்கிறது. நாடியைப் பிடித்துப் பார்த்துவிட்டு மலேரியாவின் தலையில் பழியைப் போட்டுவிட்டுப் போயிருக்கிறார்.

“விதையில இருக்கிறது பூவிலயும் இருக்கும்தானே” என்று தனக்கே சொல்லிக்கொண்டார். “நல்ல காலம், கடுமையா ஏறேல்ல. இதோட நிப்பாட்டினாத் தேறிடுவார் எண்டு நினைக்கிறன். கஞ்சி குடுங்கோ, இனிமே நிக்கும்.” பிறகு குரலைத் தாழ்த்தினார். “ஆச்சி, இதை வெளியில ஒருத்தரோடயும் கதைக்காதேங்கோ. பொலிஸ் காதுக்குப் போனாப் புதுக்கடைக் கோட்டில கொண்டுபோய் நிப்பாட்டுவாங்கள். தீர்த்தம் எண்டு சொன்னா எந்த ஜட்ஜ் நம்புவான்?”

 அப்படி ஒன்று இருக்கிறது என்பதே அப்போதுதான் மெய்யம்மைக்கு உறைத்தது. புருஷனுக்கு விஷம் வைத்தவள் என்ற பேர்.

கட்டிலில் கண்ணை மூடிக் கிடந்த உலகப்பன் பேசினார். “கோர்ட்டு கேஸெல்லாம் வேணாம், ஐயா. ஒண்ணும் நடக்கல. காய்ச்சல்லதான் படுத்தேன், காய்ச்சல்லேருந்துதான் எந்திரிப்பேன்.”

அவளுக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. இந்த மனிதருக்கு எத்தனை ஜென்மம் உழைத்தாலும் தீராது என்று நினைத்தாள். மன்னித்துவிட்டார். ஒரு வார்த்தை கேட்காமல் மன்னித்துவிட்டார். நிக்கலஸ் போன பிறகு தரையைக் கழுவினாள். அரிவாளை எடுத்துக்கொண்டு போய்ப் பின்வேலி அலரியை மூச்சு முட்ட வெட்டிச் சாய்த்தாள். மதிலுக்கு அந்தப் பக்கம் பைறோஸா ஆமைக்குக் குழி தோண்டிக்கொண்டிருந்தாள்.

“ராத்தா” என்று கூப்பிட்டாள்.

பைறோஸா நிமிர்ந்தாள். “என்ட நவாப் போனாப் போகட்டும் எண்டு செல்ல எனக்கி ஏலாது, ஆச்சி. செல்லவும் மாட்டன். நீங்க போய் அவரப் பாருங்க.” மறுபடி குனிந்து தோண்டினாள்.

சாயங்காலம் மெய்யம்மை நொய்யரிசிக் கஞ்சி வைத்தாள். உப்புப் போட்டு, ஆற்றி, வெள்ளித் தம்ளரில் ஊற்றிக்கொண்டு போனாள். உலகப்பன் தலையணையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். அன்று மத்தியானத்துக்குப் பிறகு அவர் ஓங்கரிக்கவில்லை. அவள் தம்ளரை நீட்டினாள். அவர் வாங்கினார். உதட்டுக்குக் கொண்டுபோகவில்லை. உள்ளே கொஞ்ச நேரம் பார்த்தார். முகர்ந்தார். பிறகு அவளிடமே திருப்பி நீட்டினார்.

“நீ மொதல்ல குடி.”

கல்யாணமான நாளிலிருந்து அவர் சாப்பிட்டு எழுந்த பிறகுதான் மெய்யம்மை இலையில் உட்கார்வாள். காய்ச்சலில் அவர் கிடந்த நாட்களில்கூட அவர் ஒரு வாய் குடித்ததைப் பார்த்த பிறகுதான் அவளுக்குத் தண்ணீர் இறங்கும். அவர் சொன்னது காதில் விழுந்தும் அவளுக்கு அர்த்தமாகச் சற்று நேரம் ஆனது. அர்த்தமானதும் அடுப்படிக்குப் போய் இன்னொரு தம்ளர் கொண்டுவந்தாள். அவர் பார்க்கும்படியாகவே கஞ்சியில் பாதியை அதில் ஊற்றினாள். குடித்தாள். அவர் அவள் தொண்டையைப் பார்த்துக்கொண்டிருந்தார். குடித்து முடித்த பிறகும் காத்திருந்தார். வெகு நேரம் கழித்துத்தான் கை நீட்டினார்.

அவர் பிழைத்துக்கொண்டார். ஆடி மாசம் கடைக்குப் போனார். சுவர் மறுபடி வெள்ளையாகத் தெரிந்தது. கேட்டவர்களிடமெல்லாம் மலேரியா என்றார், பெண்டாட்டியின் பணிவிடையில் பிழைத்ததாகச் சொன்னார். பிள்ளை இல்லாததைப் பற்றி எப்படி ஒரு வார்த்தை சொன்னதில்லையோ, அந்தச் செம்பைப் பற்றியும் அப்படியே ஒரு வார்த்தை சொல்லவில்லை. காப்பி ஆனாலும் மோர் ஆனாலும் தம்ளரைக் கையில் வாங்கி வைத்துக்கொண்டு அவள் முகத்தைப் பார்ப்பார். கொஞ்ச நாளில் பார்க்கவும் தேவைப்படவில்லை. அவர் கை நீட்டுவதற்கு முன்பே மெய்யம்மை தன் தம்ளரில் ஊற்றிக் குடித்துக் காட்டிவிடுவாள்.